ஆரியங்காவு: எஞ்சினுக்காகக் கட்டிய நிலையம்

ஆரியங்காவு ரயில் நிலையம் இருப்பது கேரளத்தின் கொல்லம் மாவட்டத்தில். அதை நிர்வகிப்பது மதுரை. கொல்லம் ஜங்ஷன் வரைதான் திருவனந்தபுரம் கோட்டத்தின் எல்லை. அங்கிருந்து கிழக்கே திரும்பி மலையேறும் பாதை முழுக்கத் தெற்கு ரயில்வேயின் மதுரைக் கோட்டத்தில் வருகிறது. ஊர்க்காரர்களில் பலருக்கு வீட்டில் தமிழ், கடையில் மலையாளம். ரேஷன் கார்டு கேரளத்தது, சொந்தபந்தம் புளியரையிலும் செங்கோட்டையிலும் தென்காசியிலும். எல்லையோரத்தில் இதெல்லாம் சகஜம்தான். ஆனால் இந்தச் சின்ன நிலையத்தில் ஏன் சில ரயில்கள் நிற்கின்றன, சில நிற்காமல் போகின்றன என்று யாராவது கேட்டால், பதிலுக்கு நூறு வருஷத்துக்கு மேல் பின்னால் போக வேண்டியிருக்கிறது.

முதலில் மலை. மேற்குத் தொடர்ச்சி மலையில் பாலக்காட்டுக் கணவாய்க்குத் தெற்கே ரயில் பாதை போட வாய்ப்பாகக் கிடைத்த இடம் ஆரியங்காவுக் கணவாய்தான். செங்கோட்டைக் கணவாய் என்றும் சொல்வார்கள். ஆடி மாதத்தில் குற்றாலத்தில் சாரல் அடிப்பதும், சுரண்டை, கடையநல்லூர் பக்கம் காற்றாலைகள் சுற்றுவதும் இந்த இடைவெளி வழியாக வரும் தென்மேற்குக் காற்றால்தான். அந்தக் காற்று வந்த வழியிலேயே வண்டிப்பாதை போனது, அப்புறம் ரயில் பாதை, தார்ச்சாலை. இன்றைக்கும் கொல்லம் திருமங்கலம் தேசிய நெடுஞ்சாலை 744-ம் ரயில் பாதையும் ஒன்றை ஒன்று விட்டுப் பிரியாமல்தான் மலையேறி இறங்குகின்றன.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் திருவிதாங்கூர் சமஸ்தானத்துக்குள் ரயிலே கிடையாது. கொல்லம் பெரிய வியாபாரப் பட்டணம், துறைமுகம். அங்கிருந்து சென்னைக்குச் சரக்கு அனுப்ப நேரான வழி இல்லை. கிழக்கே திருநெல்வேலி வரை தென்னிந்திய ரயில்வே வந்துவிட்டிருந்தது. இரண்டையும் இணைக்க வேண்டும் என்று திருவிதாங்கூர் அரசும் சென்னை மாகாண அரசும் தென்னிந்திய ரயில்வே கம்பெனியும் சேர்ந்து எடுத்த வேலைதான் இந்தப் பாதை. ஸ்ரீமூலம் திருநாள் மகாராஜா காலம். திருநெல்வேலியிலிருந்து கல்லிடைக்குறிச்சிக்கு 1902-லும், அங்கிருந்து செங்கோட்டைக்கு 1903-லும் ரயில் வந்தது. சமவெளி வேலை என்பதால் சுருக்க முடிந்தது. மலை அப்படி விடவில்லை. 1904-ல் முதலில் கொல்லத்துக்கும் புனலூருக்கும் நடுவே ரயில் ஓடத் தொடங்கி, அந்த வருஷம் நவம்பரில்தான் மலைப்பகுதியும் சேர்ந்து கொல்லம் செங்கோட்டைப் பாதை முழுமையானது.

இன்னொன்றையும் இங்கே கவனிக்க வேண்டும். அன்றைக்கு ஆரியங்காவு எல்லை ஊரே கிடையாது. செங்கோட்டையே திருவிதாங்கூரில்தான் இருந்தது. சமஸ்தானத்தின் எல்லை செங்கோட்டைக்கும் கிழக்கே போனது. ஆரியங்காவு உள்ளே, காட்டுக்கு நடுவில் இருந்தது. 1956 நவம்பர் 1-ல் மொழிவாரி மாநிலங்கள் பிரிந்தபோது செங்கோட்டை தமிழ்நாட்டுக்கு வந்தது, ஆரியங்காவு கேரளத்தில் நின்றது. நிலையம் இருந்த இடத்திலேயே இருந்தது. எல்லைதான் நகர்ந்து அதன் பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. அன்று முதல் பகவதிபுரம் தமிழ்நாட்டின் கடைசி நிலையம், ஆரியங்காவு கேரளத்தின் முதல் நிலையம்.

புனலூருக்கும் செங்கோட்டைக்கும் இடையே சுமார் 50 கிலோமீட்டர். அதற்குள் இடமண், ஒற்றைக்கல், தென்மலை, கழுதுருட்டி, இடப்பாளையம், ஆரியங்காவு, பகவதிபுரம் என்று நெருக்கமாக நிலையங்கள். இந்தக் காட்டில், அதுவும் 1904-ல், இத்தனை நிலையங்களுக்கு எங்கே பயணிகள் இருந்தார்கள்? இல்லை என்பதுதான் பதில். இவற்றில் பலவும் ஊருக்காகக் கட்டியவை என்பதைவிட எஞ்சினுக்காகக் கட்டியவை என்று சொல்வதே பொருத்தம்.

நீராவி எஞ்சின் மலையேறும்போது தண்ணீரையும் கரியையும் சமவெளியைவிட அதிகமாகத் தின்னும். அடிக்கடி நிறுத்தி, நீராவி அழுத்தம் ஏறும்வரை காத்திருக்க வேண்டும். ஒற்றைப் பாதை என்பதால் எதிரே வரும் வண்டிக்கு வழிவிடவும் ஓர் இடம் வேண்டும். இறக்கத்தில் இறங்குவதற்கு முன் பிரேக் சரியாகப் பிடிக்கிறதா என்று பார்க்க வேண்டும். மலைப்பாதையில் பக்கத்திலேயே யாரும் குடியிருக்காவிட்டாலும் நிலையம் தேவைப்பட்டது இதனால்தான். நிலையம் வந்தபின் அதைச் சுற்றி ஆட்கள் வந்தார்கள். தேயிலை, ரப்பர் எஸ்டேட்டுகளுக்குத் திருநெல்வேலிச் சீமையிலிருந்து வேலைக்கு வந்த குடும்பங்கள் லயங்களில், அதாவது எஸ்டேட் வரிசை வீடுகளில் தங்கின. அச்சன்கோவில், அம்பநாடு, கழுதுருட்டிப் பக்கம் இன்றும் காதில் விழும் தமிழ் அந்த வழியாக வந்ததுதான். எஞ்சின் எப்படியும் நிற்கத்தான் போகிறது. அது நிற்கும்போது ஏறிக்கொள்ளலாம், இறங்கிக்கொள்ளலாம். ஊர் ரயிலைப் பயன்படுத்திக்கொண்டது இப்படித்தான்.

அந்தக் காலத்துக் கட்டுமானத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியே ஆக வேண்டும். பகவதிபுரத்துக்கும் ஆரியங்காவுக்கும் நடுவே மலையைத் துளைத்துப் போகும் சுரங்கம், முக்கால் கிலோமீட்டருக்கும் மேல் நீளம். பழைய பாதையின் ஐந்து சுரங்கங்களில் இதுதான் பெரியது. அதன் முகப்பில் திருவிதாங்கூரின் சங்கு முத்திரை பொறித்திருக்கிறது. ரயில் உள்ளே நுழைந்ததும் பெட்டியில் இருக்கும் சின்னப் பையன்கள் எல்லோரும் ‘ஓ’ என்று கத்துவார்கள். பெரியவர்கள் திட்டுவது போலத் திட்டிவிட்டு, அடுத்த சுரங்கத்தில் தாங்களும் கத்துவார்கள். கழுதுருட்டியில் இருக்கிறது பதின்மூன்று கண் பாலம். கருங்கல் தூண்களின் மேல் பதின்மூன்று வளைவுகள், நெடுஞ்சாலைக்கு ஓரமாகவே நிற்கிறது. சுண்ணாம்பும் வெல்லமும் சேர்த்து அரைத்த சாந்தில் கட்டியது என்பார்கள் பக்கத்தில் உள்ளவர்கள். ஒரு மீட்டர் அகலமுள்ள பழைய மீட்டர்கேஜை மாற்றி அகலப்பாதை போடும்போது இந்தப் பாலத்தை இடிக்கவில்லை. தூண்களுக்குக் கான்கிரீட் உறை போட்டுப் பலப்படுத்தி, அதன் மேலேயே கனமான புது ரயிலை ஓட்டுகிறார்கள். கல் தெரிந்த அழகு கொஞ்சம் போய்விட்டது என்று வருத்தப்படுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்த வருத்தம் இல்லை. காட்சிப்பொருளாக நிற்பதைவிட ரயில் ஓடுகிற பாலமாக இருப்பது நல்லது.

மீட்டர்கேஜ் நாளில் ஒரு மலை நிலையத்தில் என்ன நடந்தது என்பதைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். ஸ்டேஷன் மாஸ்டர் அறையில் சிவப்புப் பெயின்ட் அடித்த இரும்புக் கருவி ஒன்று இருக்கும். அடுத்த நிலையத்தில் இருக்கும் மாஸ்டரோடு மணியடித்துப் பேசி, அவர் சம்மதித்தால் மட்டுமே அந்தக் கருவி ஓர் உலோக உருண்டையை வெளியே விடும். அதுதான் டோக்கன். அதைத் தோல் பையில் போட்டு, பிரம்பு வளையத்தில் மாட்டிப் பாயிண்ட்ஸ்மேன் பிளாட்பாரத்தில் நின்று நீட்டுவார். டிரைவரோ ஃபயர்மேனோ எஞ்சினிலிருந்து கையை நீட்டி வளையத்தைத் தோளில் மாட்டிக்கொள்வார், முந்தைய பகுதியின் டோக்கனைக் கழற்றி வீசுவார். கையில் அந்த உருண்டை இல்லாமல் வண்டியை நகர்த்தக் கூடாது. ஒரு பகுதிக்கு ஒரே நேரத்தில் ஓர் உருண்டைதான் வெளியே வரும் என்பதால், எதிரெதிரே இரண்டு ரயில்கள் வர வாய்ப்பே கிடையாது. மழை கொட்டும் ராத்திரியில் ஒரு கையில் அரிக்கேன் விளக்கோடு அந்த வளையத்தைச் சரியாக நீட்டுவது லேசான வேலை இல்லை.

ரயிலில் போனது ஆட்கள் மட்டும் இல்லை. பாவூர்சத்திரம் சந்தைக் காய்கறி, பூக்கூடை, முறுக்கு, கருவாடு எல்லாம் மேற்கே போகும். பலாப்பழம், மரவள்ளிக் கிழங்கு, மிளகு கிழக்கே வரும். மாநிலம் விட்டு மாநிலம் அரிசி கொண்டுபோகத் தடை இருந்த காலத்தில், சின்னச் சின்ன மூட்டைகளாக அரிசியும் போனது. சீட்டுக்கு அடியில், புடவை மடிப்பில், கூடையில் கீரைக்குக் கீழே என்று. எல்லையோர ரயில் எல்லாவற்றிலும் நடந்த கதைதான் இது. அதைக் கடத்தல் என்று அதிகாரிகள் சொன்னார்கள். கூடைக்காரிகளுக்கு அது வியாபாரம்.

செங்கோட்டைக்காரரான வாஞ்சிநாதன் புனலூரில் திருவிதாங்கூர் வனத்துறையில் வேலை பார்த்தவர். 1911 ஜூன் 17-ல் மணியாச்சி ரயில் நிலையத்தில் ஆஷ் துரையைச் சுட்டவர். சொந்த ஊருக்கும் வேலை பார்த்த ஊருக்கும் நடுவே இருந்த ரயில் இதுதான். ஆக, அவரும் ஆரியங்காவைத் தாண்டித்தான் போய் வந்திருக்க வேண்டும்.

சரி, இவ்வளவு முக்கியமான பாதை எப்படிப் பின்தங்கியது? கொல்லத்திலிருந்து திருவனந்தபுரத்துக்கு 1918-ல் ரயில் நீண்டது. 1927-ல் விருதுநகர் தென்காசிப் பாதை வந்ததும் மதுரை, சென்னை தூரம் குறைந்தது. திருவனந்தபுரத்துக்காரர் ரயிலில் சென்னை போக வேண்டுமானால் ஆரியங்காவு வழியாகத்தான் போக வேண்டும். அந்த நிலைமை கிட்டத்தட்ட நாற்பது வருஷம் இருந்தது. 1956-க்கும் 1958-க்கும் இடையே எர்ணாகுளத்திலிருந்து கோட்டயம் வழியாகக் கொல்லம் வரை பாதை வந்தது. அதுவும் மீட்டர்கேஜ்தான் என்பதால் உடனே பெரிய அடி விழவில்லை. 1976-ல் எர்ணாகுளம் திருவனந்தபுரம் பாதை அகலப்பாதையாக மாறியதுதான் திருப்பம். அதற்குப் பின் சென்னை போகிற திருவனந்தபுரத்துக்காரர் பாலக்காடு வழியாகச் சொகுசாகப் போனார். கொல்லம் மெயில் மட்டும் பழையபடி மலையேறி எழும்பூருக்குப் போய்க்கொண்டிருந்தது. தலைநகரத்துக்கும் தலைநகரத்துக்கும் இடையிலான பிரதான பாதையாக இருந்தது, கொல்லத்துக்கும் தென்காசிக்கும் இடையிலான உள்ளூர்ப் பாதையாகச் சுருங்கியது.

அதன்பின் எல்லாப் பக்கத்திலிருந்தும் அகலப்பாதை நெருங்கி வந்தது. சென்னை மதுரைப் பாதை மாறியதில் கொல்லம் மெயில் நின்றது. 2004-ல் விருதுநகர் செங்கோட்டை மாறியது. 2007-ல் கொல்லம் புனலூர்ப் பகுதியை மூடினார்கள், 2010 மே மாதம் அங்கே அகலப்பாதை ரயில் ஓடியது. நடுவில் மலை மட்டும் மீட்டர்கேஜாகத் தனித்து நின்றது. செங்கோட்டையிலும் மாற வேண்டும், புனலூரிலும் மாற வேண்டும். 2010 செப்டம்பரில் கடைசி மீட்டர்கேஜ் ரயிலும் ஓடி முடிந்தது. அன்று அதில் ஏறுவதற்காகவே தூரத்திலிருந்தெல்லாம் கேமராவோடு வந்தார்கள். ஆரியங்காவுக்காரர்களுக்கு மறுநாள் காலையில் பஸ்தான்.

அடுத்த ரயில் வர ஏறக்குறைய எட்டு வருஷம் ஆனது. 1,000 மில்லிமீட்டர் பாதையை 1,676 மில்லிமீட்டராக மாற்றுவது என்றால் இரண்டு தண்டவாளத்தையும் தள்ளிப் போடும் வேலையாகத் தோன்றும். மலையில் அப்படி முடியாது. பெட்டி அகலமாகிறது, உயரமாகிறது. சுரங்கத்தை அதற்குத் தக்கபடி பெரிதாக்க வேண்டும். வளைவுகளை நீட்ட வேண்டும். மண்சரிவுக்குத் தடுப்புச்சுவர் கட்ட வேண்டும். மழை வந்தால் வேலை நிற்கும், அங்கே மழை எப்போதும் வரும். பகுதி பகுதியாகத் திறந்து, 2018 மார்ச்சில் தாம்பரத்திலிருந்து சிறப்பு ரயில் விட்டுப் பார்த்து, ஜூன் 9-ல் முறைப்படி பாதையை நாட்டுக்கு ஒப்படைத்தார்கள். இரண்டே மாதத்தில், அந்த ஆகஸ்ட் பெருமழையில், மண் சரிந்து பாதை மறுபடி மூடியது. அந்த மலை எப்படிப்பட்டது என்று புதிதாக வந்தவர்களுக்கும் தெரிந்துபோனது.

இங்கேதான் ஆரியங்காவு நிலையத்தின் இன்றைய நிலைமைக்குக் காரணம் இருக்கிறது. நீராவி எஞ்சின் போனபோதே தண்ணீருக்காக நிற்கும் தேவை போய்விட்டது. அகலப்பாதை வந்தபோது எதிர் வண்டிக்கு வழிவிடும் வேலையும் போனது. நீண்ட ரயில்கள் ஒன்றுக்கொன்று வழிவிட, ஒதுங்கி நிற்கும் பக்கப் பாதையான லூப் லைன் நீளமாக வேண்டும், அதற்கு மேடுபள்ளம் இல்லாத நிலம் வேண்டும். பழைய நிலையம் இருந்த இடத்தில் அது வாய்க்கவில்லை. நியூ ஆரியங்காவு என்று இன்னொரு நிலையத்தைக் கட்டி, கிராஸிங்கை அங்கே வைத்தார்கள். பழைய ஆரியங்காவு ஒற்றைப் பாதையும் ஒரு பிளாட்பாரமும் உள்ள நிறுத்தமாக மிஞ்சியது. எஞ்சினுக்கு அங்கே இனி வேலை இல்லை. பயணிக்கு மட்டும்தான் இருக்கிறது. பயணிக்காக மட்டும் ஒரு ரயில் நிற்க வேண்டும் என்றால் டிக்கெட் விற்பனைக் கணக்கைக் காட்டச் சொல்வார்கள். மலையூரில் அந்தக் கணக்கு எங்கே தேறும்? ரயில் நின்றால்தானே டிக்கெட் விற்கும்.

மலை ரயிலுக்கென்று தனிச் சட்டதிட்டங்களும் உண்டு. புனலூருக்கும் செங்கோட்டைக்கும் நடுவே ரயிலின் பின்னால் இன்னோர் எஞ்சின் சேர்ப்பார்கள், பாங்கர் என்று பெயர். ஏற்றத்தில் பின்னாலிருந்து தள்ளும், இறக்கத்தில் பிரேக்குக்குத் துணையாக இருக்கும். அதைச் சேர்க்கவும் கழற்றவும் இரண்டு ஊரிலும் நேரம் பிடிக்கும். மலையில் வேகம் மணிக்கு 30 கிலோமீட்டர் அளவில்தான். பெட்டிகளுக்கும் வரம்பு உண்டு. ரொம்ப நாள் 14-க்கு மேல் விடவில்லை. சோதனை ஓட்டம் நடத்திப் பார்த்தபின் 2024-ல் பாலருவி எக்ஸ்பிரஸுக்கு 18 பெட்டிகள் கிடைத்தன. பாதை முழுக்க மின்கம்பியும் வந்துவிட்டது. ரயில் நிர்வாகத்தின் பக்கத்தில் நின்று பார்த்தால், இவ்வளவு மெதுவாகப் போகிற பாதையில் இன்னும் ஒரு நிறுத்தம் என்றால் யோசிக்கத்தான் செய்வார்கள். ஊர்க்காரர் பக்கம் நின்றால் கேட்கத் தோன்றும்: ஏற்கெனவே இவ்வளவு மெதுவாகப் போகிற ரயில் இன்னும் ஒரு நிமிஷம் நின்றால் என்ன குறைந்துவிடும்?

இப்போது இந்த மலையைக் கடக்கும் ரயில்கள் இவை. சென்னை எழும்பூர் கொல்லம் எக்ஸ்பிரஸ் இருக்கிறது. எல்லோருக்கும் அது இன்றும் கொல்லம் மெயில்தான். மதுரை குருவாயூர் எக்ஸ்பிரஸ், துண்டு துண்டாக ஓடிய ரயில்களை 2023-ல் ஒன்றாகச் சேர்த்து விட்டது. எர்ணாகுளம் வேளாங்கண்ணி ரயில் தினமும் கிடையாது. பாலருவி எக்ஸ்பிரஸ் முதலில் புனலூருக்கும் பாலக்காட்டுக்கும் ஓடி, பிறகு திருநெல்வேலிக்கும், 2024-ல் தூத்துக்குடிக்கும் நீண்டது. பாலருவி ஆரியங்காவுக்குப் பக்கத்து அருவி. ஆனால் அந்தப் பெயரில் ஓடும் ரயில் போகும்போதும் வரும்போதும் இந்தக் காட்டை ராத்திரியில்தான் கடக்கிறது. அதில் போகிறவருக்கு அருவியும் தெரியாது, பதின்மூன்று கண் பாலமும் தெரியாது. தெற்கு ரயில்வே எவ்வளவோ பொருத்தமாகப் பெயர் வைத்ததுண்டு, இது அதில் சேராது.

இவை தவிர, பகலில் செங்கோட்டை கொல்லம் பாசஞ்சர் ஓடி வந்தது. சின்ன நிலையங்களுக்கு அதுதான் உண்மையான ரயிலாக இருந்தது. எக்ஸ்பிரஸ்கள் நிற்குமா நிற்காதா என்பது அட்டவணைக்கு அட்டவணை மாறும். கொரோனாவுக்குப் பின் நாடு முழுக்கச் சிறு நிறுத்தங்களை நீக்கியபோது இந்தப் பாதையிலும் அது நடந்தது. போராடிச் சிலவற்றை வாங்கினார்கள். பாசஞ்சரில் ஏறியவர்களுக்கு அந்தக் கவலை இல்லை. சுற்றிப்பார்க்க வந்தவர்களுக்கும் அதுவே நல்லதாக இருந்தது. வெளிச்சத்தில் மலையைப் பார்க்க முடிந்தது, கட்டணமும் குறைவு.

யாருக்கு இந்த நிலையம் வேண்டும் என்பதை வருஷத்தில் இரண்டு காலங்களில் நன்றாகப் பார்க்கலாம். ஒன்று குற்றால சீசன், மேற்கிலிருந்து கிழக்கே கூட்டம் போகும். இன்னொன்று சபரிமலை மண்டல காலம், கிழக்கிலிருந்து மேற்கே வரும். ஆரியங்காவு, அச்சன்கோவில், குளத்துப்புழை என்று மூன்று சாஸ்தா கோயில்கள் இந்தச் சுற்றுவட்டாரத்தில் இருக்கின்றன. சபரிமலைக்குப் போகும் தமிழ்நாட்டு ஐயப்பன்மார்கள் பலர் இவற்றையும் பார்த்துவிட்டுப் போவார்கள். ஆரியங்காவில் ஐயன் மணக்கோலத்தில் இருக்கிறார். மதுரை சௌராஷ்டிரர் வீட்டுப் பெண்ணான புஷ்கலையை அவர் ஏற்றுக்கொண்டார் என்பது கதை. மண்டல காலத்தின் கடைசியில் நடக்கும் திருக்கல்யாணத்துக்கு மதுரைச் சௌராஷ்டிர மக்கள் பெண் வீட்டாராகச் சீர்வரிசையோடு வருகிறார்கள். கோயில் தரப்பு அவர்களைச் சம்பந்திகளாக வரவேற்கிறது. ரயில்வேக் கோட்டம் பிரிக்கிறவர்களுக்கு இந்தக் கதை தெரிந்திருக்க நியாயமில்லை. ஆனாலும் ஆரியங்காவு மதுரையோடு சேர்ந்திருப்பதற்கு ரயிலைவிடப் பழைய காரணம் ஒன்று இருக்கத்தான் செய்கிறது.

கேரளத்தில் கொல்லம் செங்கோட்டைப் பாதையைத் திருவனந்தபுரம் கோட்டத்தோடு சேர்க்க வேண்டும் என்ற கோரிக்கை அவ்வப்போது எழும். கேரள எல்லைக்குள் இருக்கும் நிலையத்துக்கு ஒரு குழாய் போட, ஒரு கூரை போட மதுரைக்கு எழுத வேண்டியிருக்கிறது என்பது அவர்கள் வாதம். தமிழ்நாட்டுப் பக்கம், பாதையை இரண்டாக வெட்டினால் பாங்கரும் எஞ்சின் ஆட்களும் இரு கோட்டத்துக்கு நடுவே அலைவார்கள் என்று சொல்கிறார்கள். இரண்டிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் ஆரியங்காவுக்கு எந்தக் கோட்டம் என்பதைவிட, பகலில் இன்னும் ஒரு ரயில் நிற்குமா என்பதுதான் பெரிய கேள்வி. காலையில் தென்காசிக்கும் புனலூருக்கும் வேலைக்கும் படிப்புக்கும் போகிற நேரத்தில் ஒன்று, சாயங்காலம் திரும்ப ஒன்று. குளத்துப்புழைப் பக்கம் இலங்கையிலிருந்து திரும்பி வந்து, 1976-ல் தொடங்கிய மறுவாழ்வுத் தோட்டக் கழகத்தின் ரப்பர் காட்டில் குடியமர்ந்த குடும்பங்களுக்கும், இங்கே லயத்தில் இருக்கிறவர்களுக்கும், பிள்ளைகளைக் கல்லூரிக்கு அனுப்புவது என்றால் அது பஸ் கணக்கு. நெடுஞ்சாலையில் ஒரு மரம் விழுந்தாலோ மண் சரிந்தாலோ அந்தக் கணக்கும் போயிற்று. மெமு என்னும் உள்ளூர் மின்சார ரயில் மாதிரி இரண்டு பக்கமும் ஓட்டக்கூடிய, பின்னால் தனி எஞ்சின் சேர்க்கத் தேவையில்லாத குட்டை ரயில் ஒன்றை மின்பாதையில் விட்டுப் பார்க்கலாமா என்பதைத்தான் கோட்ட அலுவலகத்துக்கு எழுதுகிற மனுக்களில் இனி முதலில் போட வேண்டும். மலைச் சரிவில் அதை ஓட்ட ரயில்வே பாதுகாப்பு ஆணையரின் அனுமதி வேண்டியிருக்கும், தனியாகச் சோதனை ஓட்டமும் நடத்த வேண்டும். 14 பெட்டியை 18 ஆக்கியதும் அப்படி ஒரு சோதனை ஓட்டத்துக்குப் பின்தான்.